எல்லைக்கோடும் பட்டயமும்: சூயஸ் 1956, தேவிகுளம் 1956

ஒவ்வோர் ஆண்டும் நவம்பர் முதல் நாள் நெருங்கும்போது இந்தத் தளத்தில் இரண்டு ஊர்வலங்கள் எதிரெதிராகப் புறப்படுகின்றன. ஒன்று, தேவிகுளமும் பீர்மேடும் பறிபோன கதையைச் சொல்லி, நேசமணியின் படத்தை ஏந்தி, காமராசர் சொன்னதாக உலவும் ஒரு சொற்றொடரைப் பழித்து வருவது. மற்றொன்று, கேரளப் பிறவியின் பெருமையைப் பாடி, பெரியாற்றுக் குத்தகை வெள்ளையன் மிரட்டி எழுதி வாங்கிய சீட்டு என்று முழங்கி வருவது. இரண்டு தரப்பிலும் எனக்கு நண்பர்கள் உண்டு. இரண்டு தரப்பும் என்னை மற்றதன் ஆள் என்று ஐயுறுவதும் உண்டு. இம்முறை இருவருக்கும் ஒருங்கே சினமூட்டக்கூடிய ஒன்றை எழுதுகிறேன். பதிவு நீளமானது; பொறுமையுள்ளோர் படிக்க.

1956 நவம்பர் முதல் நாள் கேரளம் என்ற மாநிலம் பிறந்தது. அதே நாளில் கெய்ரோவைச் சூழ்ந்த விமானத் தளங்களின்மீது பிரித்தானியப் போர் விமானங்கள் குண்டு வீசிக்கொண்டிருந்தன. மூன்று நாள் முன்னர், அக்டோபர் 29இல், இசுரேல் சினாய்க்குள் நுழைந்திருந்தது. 30இல் லண்டனும் பாரிசும் நடுவர் வேடம் பூண்டு, இரு தரப்பும் கால்வாயை விட்டு விலகவேண்டும் என்று இறுதி எச்சரிக்கை விடுத்தன. 31ஆம் நாள் மாலை முதல் நடுவரே குண்டு வீசலாயினர். மூவரும் ஒரு வாரம் முன்பே பாரிசுக்கு அருகே செவ்ரே என்னும் ஊரில் இரகசியமாகக் கூடி இந்த நாடகத்தை எழுதி முடித்திருந்தனர் என்பது பின்னர் வெளிவந்தது. எகிப்து செய்த குற்றம் என்ன? தன் மண்ணை வெட்டி ஓடும் கால்வாயைத் தனதென்று சூலை 26இல் அறிவித்தது.

இவ்விரு நிகழ்ச்சிகளையும் ஒரே மேசையில் வைத்துப் படிக்கும் வழக்கம் நமக்கு இல்லை. சூயஸ் என்றால் உலக வரலாறு. தேவிகுளம் என்றால் உள்ளூர்த் தகராறு. இந்தப் பாகுபாட்டைத்தான் மறுக்கிறேன். அயலார் தலையீடு விமானத்தில் ஏறி வருவதற்குப் பல பத்தாண்டுகள் முன்பே பத்திரத்தில் ஏறி வந்துவிடுகிறது. 1956இல் எகிப்து அந்தப் பத்திரத்தைக் கிழித்தது, அதற்குரிய விலையையும் கொடுத்தது. நாமோ அதே ஆண்டில் மலைமேல் ஒரு கோட்டைக் கிழித்து, பத்திரத்தைத் தொடாமல் விட்டோம். அறுபது ஆண்டுகளுக்கு மேலாகக் கோட்டைப் பற்றியே சண்டையிடுகிறோம்.

எகிப்தின் பத்திரம் 1854இல் எழுதப்பட்டது. ஆட்சியாளர் சயீத், தம் இளமைக்கால நண்பரான பிரெஞ்சுக்காரர் லெசெப்சுக்குக் கால்வாய் வெட்டும் உரிமையை அளித்தார். திறப்பு நாளிலிருந்து 99 ஆண்டு அந்த உரிமை நிறுவனத்துக்குரியது. கட்டாய வேலைக்கு இழுத்துவரப்பட்ட உழவர்களின் கைகளே தொடக்க ஆண்டுகளில் மணலைத் தோண்டின. 1869இல் கால்வாய் திறந்தது. அடுத்து ஆண்ட இசுமாயில் கடனில் மூழ்கினார். 1875இல் எகிப்தின் பங்குகளை, ஏறத்தாழ 1,76,600 பங்குகளை, பிரித்தானியப் பிரதமர் டிசிரேலி 40 இலட்சம் பவுனுக்கு வாங்கிக்கொண்டார். மறு ஆண்டே ஐரோப்பியக் கடன்காரர்களின் ஆணையம் ஒன்று எகிப்தின் வருவாய்மேல் உட்கார்ந்தது. ஓர் ஆங்கிலேயரும் ஒரு பிரெஞ்சுக்காரரும் கருவூலத்தின் வரவையும் செலவையும் பார்த்தனர். 1879இல் இசுமாயிலே அகற்றப்பட்டார். இத்தனையும் நடந்தேறும்வரை எகிப்தின்மீது ஒரு குண்டும் விழவில்லை என்பதைக் குறித்துக்கொள்க.

குண்டு விழுந்தது, உழவர் குடியில் பிறந்த படைத்தலைவர் அகமது உராபி, எகிப்து எகிப்தியருக்கே என்று எழுந்தபோதுதான். 1882 சூலை 11இல் பிரித்தானியக் கப்பற்படை அலெக்சாந்திரியாவை நொறுக்கியது. சொல்லப்பட்ட காரணம், நகரில் வாழ்ந்த ஐரோப்பியரின் பாதுகாப்பு. (2011 மார்ச்சில் லிபியாவின்மீது வான்வழி நடவடிக்கைக்கு வழிவிட்ட ஐ.நா. தீர்மானமும் பொதுமக்கள் பாதுகாப்பு என்றே பேசியது. இந்தியா அன்று வாக்களிக்காமல் விலகி நின்றது. 130 ஆண்டுகளில் சொற்கள் அதிகம் மாறவில்லை.) போருக்கு ஒப்புதல் அளித்த கிளாட்ஸ்டன், எகிப்தியக் கடன் பத்திரங்களில் தம் சொந்தப் பணத்தைப் பெருமளவு முதலீடு செய்திருந்தவர். செப்டம்பர் 13இல் தெல் எல் கெபீரில் உராபி தோற்றார். அந்தப் படையெடுப்பில் இந்தியாவிலிருந்து சென்ற படைப்பிரிவும் இருந்தது. அதில் நம் மதராஸ் சாப்பர்களும் இருந்தனர். செலவின் ஒரு பகுதி இந்திய வருவாயின் தலையிலேயே விழுந்தது. எகிப்தை அடிமைப்படுத்தத் தமிழ் உழவனின் தீர்வைப் பணமும் போயிற்று.

‘எகிப்துக்கும் நமக்கும் என்ன தொடர்பு’ என்று கேட்போருக்கு இன்னொன்றும் சொல்லவேண்டும். உராபியையும் தோழர் அறுவரையும் நாடு கடத்தியது எங்கே? இலங்கைக்கு. 1883 தொடங்கி 1901 வரை கொழும்பிலும் கண்டியிலும் அவர் வாழ்ந்தார். கொழும்பு சாகிராக் கல்லூரி எழுந்ததில் அவருக்குப் பங்குண்டு. அவரோடு நெருங்கிப் பழகிய சித்தி லெப்பை அக்காலத்தில்தான் ‘முஸ்லிம் நேசன்’ இதழை நடத்தினார். 1885இல் ‘அசன்பேயுடைய கதை’யை வெளியிட்டார். தமிழின் மிகத் தொடக்ககால நாவல்களுள் ஒன்றான அதன் நாயகன் கெய்ரோவில் பிறந்தவன். பிரதாப முதலியாரைப் பற்றி ஆயிரம் பக்கம் எழுதும் நம் இலக்கிய வரலாறு அசன்பேயை ஒரு வரியில் தாண்டிச் செல்வது தனியே பேசவேண்டிய செய்தி. இங்கே சொல்ல வந்தது இவ்வளவே: எகிப்தின் வீழ்ச்சி தமிழ் வாசகனுக்கு அயல்நாட்டுச் செய்தியாக இருந்ததில்லை.

இனி மலைக்கு வருவோம்.

அலெக்சாந்திரியா தாக்கப்படுவதற்குச் சரியாக ஐந்தாண்டு முன்பு, 1877 சூலை 11இல், பூஞ்ஞாற்றுக் குறுநிலத் தலைவர் ஜான் டேனியல் மன்றோ என்பவருக்கு ஒரு பட்டயம் எழுதிக் கொடுத்தார். நாள் ஒன்றாக அமைந்தது தற்செயல்; அதிலிருந்து எதுவும் பெறப்படாது. நினைவில் இருத்த எளிது என்பதால் சொல்கிறேன். பட்டயத்தின் பொருள் கண்ணன் தேவன் அஞ்சுநாட்டு மலை. பின்னாளைய அளவையில் ஏறத்தாழ 1,37,000 ஏக்கர். ஆண்டு வாடகை 3,000 ரூபாய். மறு ஆண்டு திருவிதாங்கூர் அரசு அதற்கு ஒப்புதல் தந்தது. அம்மலையில் முதுவர்கள் வாழ்ந்துவந்தனர். அவர்களை யாரும் கேட்டதாகப் பத்திரத்தில் இல்லை.

பட்டயம் கைமாறிக் கைமாறி 1897இல் கண்ணன் தேவன் மலை விளைபொருள் கம்பெனியிடம் சேர்ந்தது. பின்னணியில் இருந்தது ஸ்காட்லாந்தின் ஜேம்ஸ் ஃபின்லே நிறுவனம். அதன் தலைமையகம் கிளாஸ்கோவில் மேற்கு நைல் தெருவில் இருந்தது. 1798இல் எகிப்தியக் கரையில் நெல்சன் பெற்ற வெற்றியின் நினைவாகப் பெயரிடப்பட்ட தெரு அது. மூணாற்றின் மழைக்கும் பனிக்கும் இடையே கொழுந்து கிள்ளியவர்களின் கூலியை முடிவு செய்த கணக்குப் பேரேடு நைல் தெருவில் இருந்தது. வரலாறு சில வேளைகளில் ஆய்வாளனின் உழைப்பை மிச்சப்படுத்திவிடுகிறது.

இரண்டாவது பத்திரம் 1886 அக்டோபர் 29இல் கையெழுத்தானது. ஒரு பக்கம் திருவிதாங்கூர் திவான் இராமையங்கார், மறுபக்கம் இந்தியாவுக்கான அமைச்சரின் சார்பில் ரெசிடெண்டு ஹானிங்டன். பெரியாற்று நீரைத் தேக்கிக் கிழக்கே திருப்ப 8,000 ஏக்கர், ஏக்கருக்கு 5 ரூபாய், காலம் 999 ஆண்டு. சூயசுக்கு 99, பெரியாற்றுக்கு 999. மேலாதிக்கம் செலுத்தும் பேரரசு தனக்குக் கீழ்ப்பட்ட சமஸ்தானத்திடம் குத்தகை கேட்கும்போது அந்தக் கையெழுத்து எவ்வளவு தன்னுரிமையுடையது என்பது நியாயமான கேள்வி. ஆனால் மதுரையிலும் தேனியிலும் இராமநாதபுரத்திலும் அந்த நீரால் வயிறு நிறைந்த மக்கள் இருக்கிறார்கள் என்பதும் உண்மை. இரண்டையும் ஒருசேரச் சொல்லத் துணிவில்லாதவர்களே இந்த விவாதத்தை எழுபது ஆண்டாக நடத்தி வருகிறார்கள். பென்னிகுயிக் இங்கே அணை கட்டிய அதே ஆண்டுகளில், இந்தியப் பாசனத் துறையிலிருந்து சென்ற ஸ்காட் மான்கிரீஃப் நைல் கழிமுகத்தின் பழைய தடுப்பணையைச் சீர்செய்துகொண்டிருந்தார். எகிப்தை இருபத்து நான்கு ஆண்டு ஆட்டிவைத்த குரோமர் பிரபுவோ, வைசிராயின் அவையில் நிதி உறுப்பினராக இருந்துவிட்டு அங்கே சென்றவர். ஒரே பேரரசு, ஒரே அலுவலர் கூட்டம், ஒரே வகைத் தாள். அவர்கள் தந்த நீர் நல்ல நீர்தான். அதற்காக அவர்கள் எழுதிய தாள் வேதமாகிவிடாது. தாள் தவறானது என்பதற்காக நீரை நம்பி வாழ்பவன் திருடனாகிவிடவும் மாட்டான்.

1955இல் ஃபசல் அலி தலைமையிலான மாநிலச் சீரமைப்பு ஆணையம் தெற்கே நான்கு வட்டங்களையும் செங்கோட்டையையும் சென்னை மாநிலத்துக்குப் பரிந்துரைத்தது. தேவிகுளம், பீர்மேடு கோரிக்கையை மறுத்தது. அங்கே தமிழர் பெரும்பான்மையர் என்பதை ஆணையம் மறுக்கவில்லை. அவர்கள் தோட்ட வேலைக்கு வந்த பெயர்ச்சித் தொழிலாளர் என்பதால் அப்பெரும்பான்மைக்கு எடை குறைவு என்று கருதியது. இந்த வாதத்தை உற்று நோக்குக. மூன்று தலைமுறை அம்மண்ணில் பிறந்து, அம்மண்ணிலேயே புதைக்கப்பட்டவர்கள் நிலையற்றவர்கள். 3,000 ரூபாய் வாடகையில் மலையைப் பிடித்து, கிளாஸ்கோவிலிருந்து அதை ஆளும் கம்பெனியோ நிலையானது. அதன் உரிமையைப் பற்றி மாநில எல்லை வகுத்த எவரும் ஒரு வினாவும் எழுப்பவில்லை. அந்த மலை தமிழ்நாட்டில் சேர வேண்டும் என்றோரும் கேரளத்தில் சேர வேண்டும் என்றோரும் அது ஃபின்லேயிடம் இருப்பதைப் பற்றி ஒருமனதாக அமைதி காத்தனர்.

தமிழ்த் தேசிய நண்பர்களிடம் நேராகவே கேட்கிறேன். தேவிகுளம் சென்னை மாநிலத்தோடு சேர்ந்திருந்தால் என்ன நிகழ்ந்திருக்கும்? வால்பாறை கிடைத்ததே, ஆனைமலைத் தோட்டங்கள் தொடக்கம் முதல் நம் எல்லைக்குள்தான் இருந்தன. மாஞ்சோலை இருந்தது. அங்கே லயத்தில் வாழ்ந்தவர்க்குச் சொந்த நிலம் கிடைத்ததா? மாஞ்சோலையில் கூலி உயர்வு கேட்டுப் போராடியவர்களுக்காகத் திருநெல்வேலியில் ஊர்வலம் சென்றவர்கள் மீது 1999 சூலை 23இல் தடியடி நடந்து, தாமிரபரணியில் 17 பேர் மாண்டார்கள். அன்று கோட்டையில் இருந்தது தமிழரின் அரசுதான். எல்லைக்கோடு கிழக்கே நகர்ந்தாலும் மேற்கே நகர்ந்தாலும் லயத்துக் கூரை அதே தகரம்தான்.

மலையாள நண்பர்களுக்கும் கேள்வி உண்டு. பெரியாற்றுக் குத்தகை, 1947ஆம் ஆண்டு இந்திய விடுதலைச் சட்டத்தோடு செத்துப்போன தாள் என்று கேரள அரசு உச்ச நீதிமன்றத்தில் வாதிட்டது. 2014 மே 7 தீர்ப்பில் நீதிமன்றம் அதை ஏற்கவில்லை. அது அரசியல் உடன்படிக்கையன்று, வெறும் குத்தகையே என்றது. இதே விடுதலைச் சட்டத்தைச் சுட்டித்தான் 2016இல் சிறப்பு அலுவலர் இராஜமாணிக்கம் அளித்த அறிக்கை, வெள்ளையர் கம்பெனிகளின் வழிவந்த நிறுவனங்கள் கேரளத்தில் 5 இலட்சம் ஏக்கருக்கு மேல் உரிமையின்றி வைத்திருப்பதாகச் சொன்னது. முதல் வாதத்தை உங்கள் அரசுகள் எவ்வளவு ஊக்கத்தோடு நடத்தின! இரண்டாவது வாதத்துக்கு எவ்வளவு ஊக்கம் காட்டின? 2018இல் ஹாரிசன்ஸ் வழக்கில் உயர் நீதிமன்றம் அரசின் கையகப்படுத்தலை நீக்கியபின், மூலையிலிருந்த உரிமையியல் நீதிமன்றங்களின் படியை மெல்ல ஏறத் தொடங்கின. எதிரில் மதுரை உழவன் நின்றால் பட்டயம் அடிமைச் சாசனம். கம்பெனி நின்றால் அது பதிவு செய்யப்பட்ட ஆவணம். இந்த இரட்டை அளவைக்குப் பெயர் மாநிலப் பற்று என்றால் அப்பற்று எனக்கு வேண்டா.

சினம் ஒருபுறம் இருக்க, நேர்மை கருதிச் சொல்லவேண்டிய ஒரு காலம் உண்டு. கேரளத்தில் பட்டயத்தைத் தொட முயன்ற ஓர் அரசு இருந்தது. 1957 தேர்தலில் அயலார் தோட்டங்களை நாட்டுடைமையாக்குவோம் என்று கம்யூனிஸ்டுக் கட்சி வாக்களித்தது. 126 இடங்களில் 60ஐயும் ஐந்து சுயேச்சைகளின் துணையையும் கொண்டு ஈ.எம்.எஸ். ஆட்சி அமைத்தார். அந்த மெல்லிய பெரும்பான்மையின் உயிர்முடிச்சு 1958இல் எங்கே விழுந்தது தெரியுமா? தேவிகுளம் இடைத்தேர்தலில். ரோசம்மா புன்னூசுக்காகப் பண்ணைப்புரத்திலிருந்து இளையராசாவின் தமையன் பாவலர் வரதராசன் மலையேறி வந்து எஸ்டேட் எஸ்டேட்டாகத் தமிழில் பாடினார். நிலையற்றவர்கள் என்று எழுதப்பட்ட அந்தத் தமிழர்களின் வாக்கே கேரளத்தின் முதல் அமைச்சரவையைக் காத்தது.

காத்த பின்? நாட்டுடைமைக்கு நடுவண் அரசு இசையவில்லை. அந்நிய முதலீடு அஞ்சும் என்றது. அதே 1958 அக்டோபரில் மூணாற்றுத் தோட்ட வேலைநிறுத்தத்தின்போது இந்த அரசின் காவல்துறை சுட்டதில் தொழிலாளர் இருவர் இறந்தனர். இதை இடதுசாரி நண்பர்கள் தம் நினைவுமலர்களில் சேர்ப்பதில்லை. சேர்க்கவேண்டும்.

இனி, தலையீடு. 1959 சூலை 31இல் அந்த அரசு கலைக்கப்பட்டது. விமோசனப் போராட்டத்துக்குக் கல்வி மசோதா, நிலச்சட்டம், திருச்சபை, மன்னத்து பத்மநாபன், காவல்துறையின் துப்பாக்கி என உள்ளூர்க் காரணங்கள் நிறையவே உண்டு. பணமே எல்லாவற்றையும் செய்தது என்று எழுதுபவன் வரலாற்றாளன் அல்லன். ஆனால் பணம் வந்தது. இந்தியாவில் அமெரிக்கத் தூதராயிருந்த மொய்னிஹன் 1978இல் வெளியிட்ட நூலில், கம்யூனிஸ்டு ஆட்சியை எதிர்கொள்ளக் காங்கிரசுக்கு இருமுறை, கேரளத்தில் ஒருமுறையும் மேற்கு வங்கத்தில் ஒருமுறையும், அமெரிக்கா பணம் கொடுத்தது என்று எழுதினார். ஒருமுறை அப்பணம் அன்றைய கட்சித் தலைவர் இந்திரா காந்தியிடமே தரப்பட்டது என்றும் சொன்னார். இந்திரா மறுத்தார். 1957 முதல் தூதராயிருந்த எல்ஸ்வொர்த் பங்கரும் பிற்காலத்துப் பேட்டிப் பதிவில் கேரளத்துக்குப் பணம் சென்றதை ஒப்புக்கொண்டார். சூயஸில் லண்டனையும் பாரிசையும் கடிந்து, பவுன் நாணயத்தின் கழுத்தைப் பிடித்துப் படைகளைத் திரும்ப வைத்த அதே வாஷிங்டன்தான் இது. 1953இல் ஈரானில் எண்ணெயை நாட்டுடைமையாக்கிய மொசாதேக்கையும், 1954இல் குவாத்தமாலாவில் பழத்தோட்டக் கம்பெனியின் தரிசு நிலத்தைத் தொட்ட ஆர்பென்சையும் வீழ்த்தியதும் அதே கைதான். பட்டயத்தைத் தொட்டவனுக்கு எங்கும் ஒரே மருந்து. அளவு மட்டும் நோயாளியைப் பொறுத்து மாறுகிறது. கெய்ரோவுக்கு விமானம் தேவைப்பட்டது. திருவனந்தபுரத்துக்குப் பணமுடிப்பும், தில்லியின் கையிலிருந்த அரசியலமைப்பின் 356ஆம் பிரிவும் போதுமாயின.

ஒப்பந்தத்தை மீறினால் நாடு நாசமாகும் என்று அன்றும் சொன்னார்கள், இன்றும் சொல்கிறார்கள். எகிப்தில் என்ன நடந்தது? 1956 செப்டம்பர் நடுவில் கால்வாயின் அயல்நாட்டு வழிகாட்டி மாலுமிகள் கூட்டமாக வேலையை விட்டுச் சென்றனர், கப்பல்கள் நின்றுபோகும் என்ற எதிர்பார்ப்பில். எகிப்தியர்கள் ஓட்டிக் காட்டினர், கப்பல்கள் சென்றன. 1958இல் பழைய பங்குதாரர்களுக்கு 2 கோடியே 83 இலட்சம் எகிப்திய பவுன் இழப்பீடு தருவதென உடன்பாடாயிற்று. தவணை முடியுமுன்பே அதைக் கொடுத்தும் தீர்த்தனர். நாசரைத் தெய்வமாக்க நான் வரவில்லை. தம் நாட்டுக் கம்யூனிஸ்டுகளைச் சிறையில் வதைத்தவர். போரைச் சாக்கிட்டுத் தலைமுறைகளாய் வாழ்ந்த யூதக் குடும்பங்களை விரட்டியவர். கால்வாய் அரசின் கைக்கு வந்ததே தவிர, கால்வாய்த் தொழிலாளியின் கைக்கு வரவில்லை. ஆயினும் தாள் கிழிந்தது. அந்த ஒரு செயல் சாத்தியம் என்பதை உலகம் கண்டது.

நம் மலையில் அது பாதி நடந்து நின்றது. 1971இல் கேரளச் சட்டமன்றம் கண்ணன் தேவன் மலை நிலமீட்புச் சட்டம் இயற்றிப் பட்டய நிலம் முழுவதையும் அரசுடைமை என்றது. கம்பெனி உச்ச நீதிமன்றம் சென்றது, 1972இல் தோற்றது. பிறகு 1974இல் நில வாரியம் தேயிலைக்கும் அதைச் சார்ந்த தேவைகளுக்கும் என 57,359 ஏக்கரைக் கம்பெனிக்கே திருப்பித் தந்தது. எஞ்சிய ஏறத்தாழ 70,500 ஏக்கர் அரசிடம் வந்தது. உழவர்க்கும் உழவுத் தொழிலாளர்க்கும் பகிர்ந்தளிப்பதும் அச்சட்டத்தின் நோக்கங்களுள் ஒன்று. ஐம்பது ஆண்டு கழிந்தபின் மூணாற்றுச் சரிவுகளில் விடுதிகள் எழுந்திருக்கின்றன, ஆக்கிரமிப்பு வழக்குகள் எழுந்திருக்கின்றன, 2007இல் இடிப்பு இயந்திரங்கள் ஒரு பருவம் வந்து போயின. கொழுந்து கிள்ளிய கையில் பட்டா மட்டும் எழவில்லை. தோட்டங்களுக்கு நிலச்சீர்திருத்தச் சட்டம் தந்த விலக்கால் கேரளம் பெருமை பேசும் நிலப்பகிர்வு லயத்தின் வாசலோடு நின்றுவிட்டது.

2015 செப்டம்பரில் அந்த லயங்களிலிருந்து பெண்கள் இறங்கி வந்து மூணாற்றுச் சாலையில் ஒன்பது நாள் அமர்ந்தார்கள். போனசு பாதியாகக் குறைக்கப்பட்டது உடனடிக் காரணம். தொழிற்சங்கத் தலைவர்களை அருகே வரவிடாமல் விரட்டியதுதான் ஆழ்ந்த காரணத்தைச் சொன்னது. பெம்பிளை ஒருமை என்று மலையாளத்தில் பெயர் கொண்டு தமிழில் முழங்கிய அப்போராட்டத்தை ‘எல்லைக்கப்பாலிருந்து தூண்டப்பட்டது’ என்று சந்தேகித்தவர்கள் இங்கே இருந்தார்கள். 1882இல் உராபியை இஸ்தான்புல் தூண்டுகிறது என்று லண்டனில் பேசியதை இது நினைவூட்டுகிறது. அடிமட்டத்து மனிதன் தானே எழுவான் என்பதை மேலிருப்பவன் நம்புவதே இல்லை.

2020 ஆகஸ்டு 6 இரவில் பெட்டிமுடியில் மலை சரிந்து லயங்களை மூடியது. 70 பேர் போயினர். மூன்று தலைமுறைகள் ஒரே வரிசையில் உறங்கிய இடம் அது. எந்தச் சரிவில் வீடு கட்டுவது என்று தேர்ந்தெடுக்கும் உரிமை அவர்களுக்கு என்றுமே இருந்ததில்லை. வேலை ஓய்ந்தால் லயத்தையும் விட்டு இறங்கவேண்டும் என்பதால், பிள்ளைகளுள் ஒருவரையாவது தோட்டத்திலேயே நிறுத்திவைக்கும் கட்டாயம் பல குடும்பங்களுக்கு உண்டு. மொழியுரிமை பேசும் எந்த மேடையிலும் இந்தக் கட்டாயத்தைப் பற்றி நான் கேட்டதில்லை. இன்னொரு கொடுமை: தமிழ்ப் பட்டியல் சாதியினர் கேரளத்தில் சாதிச் சான்று பெற, தம் முன்னோர் 1950க்கு முன்பே இங்கே குடியிருந்ததைக் காட்டவேண்டும். நிலமே கொடுக்கப்படாதவரிடம் நிலத்தில் வாழ்ந்ததற்கு ஆவணம் கேட்கிறது அரசு. ஃபசல் அலி ஆணையம் சொன்ன ‘பெயர்ச்சி’ என்ற சொல் வட்டாட்சியர் அலுவலகச் சாளரத்தில் இன்னும் உயிரோடு இருக்கிறது.

பாலக்காட்டு எல்லைக்காரர்கள் இதை இடுக்கிக் கதை என்று தள்ளவேண்டாம். நெல்லியாம்பதி மலையில் கொச்சி அரசு தந்த தோட்டக் குத்தகைகளும் இதே குடும்பத்துத் தாள்களே. சித்தூர் வட்டத்துப் பிளாச்சிமடையில் 2000இல் கோக்கோகோலா ஆலை வந்தபோது கையொப்பம் கேட்டது பூஞ்ஞாற்றுத் தலைவரிடம் அன்று. மக்கள் தேர்ந்தெடுத்த ஆட்சியிடம். கிணறுகள் கெட்டன. 2002 ஏப்ரலில் ஆலை வாயிலில் பந்தல் போட்டு அமர்ந்தவர்கள் இரவாளரும் மலசரும் ஆகிய பழங்குடியினர். மயிலம்மாவின் போராட்டமொழி தமிழ். 2004 மார்ச்சில் ஆலை நின்றது. வெளியேற்றும் வேலையை மக்களே செய்து முடித்தார்கள்; அரசு செய்யவேண்டிய வேலைதான் முடியவில்லை. உயர்நிலைக் குழு 2010இல் மதிப்பிட்ட 216 கோடி ரூபாய் இழப்பை வசூலித்துத் தர 2011இல் கேரளச் சட்டமன்றம் தீர்ப்பாய மசோதாவை நிறைவேற்றி தில்லிக்கு அனுப்பியது. குடியரசுத் தலைவரின் ஒப்புதலின்றி அது திரும்பி வந்தது. எகிப்து தன் கால்வாயின் பழைய பங்குதாரர்களுக்கு ஐந்தாண்டுக்குள் இழப்பீட்டைக் கொடுத்து முடித்தது. கிணறு இழந்த எரவாளக் குடிக்கு நாம் இன்னும் ஒரு தீர்ப்பாயத்தைக்கூடக் கொடுக்கவில்லை.

ஆகவே, இந்த நவம்பரில் ஊர்வலம் கிளம்பும் இருதரப்பு நண்பர்களிடமும் கேட்பது மூன்று. கண்ணன் தேவன் சட்டத்தின்படி அரசிடம் வந்த 70,500 ஏக்கரில் எவ்வளவு, யாருக்கு, எந்த ஆண்டில் அளிக்கப்பட்டது என்று ஒரு வெள்ளை அறிக்கை வெளியிடச் சொல்லுங்கள். தோட்டப் பேரேடுகளில் முன்னோர் பெயர் இருப்பதையே குடியிருப்புச் சான்றாக ஏற்கச் சொல்லுங்கள். ஏற்க மறுத்தால், கம்பெனி தன் உரிமைக்குக் காட்டும் 1877ஆம் ஆண்டுத் தாளையும் அதே சாளரத்தில் மறுக்கச் சொல்லுங்கள். தோட்ட நிலத்தின் உரிமை குறித்து அரசு தொடுத்த வழக்குகளில் லயத்தில் குடியிருப்போரையும் ஒரு தரப்பாகச் சேர்க்கச் சொல்லுங்கள். இந்த நொடிவரை அந்த வழக்குகளின் தலைப்பில் இருப்பவை அரசும் கம்பெனியும் மட்டுமே.